மணல் வழக்கில் பிடிபட்ட டிராக்டர்: ஆர்.சி. யார் பெயரில்?

கேள்வி: லால்குடி பக்கம் விவசாயம் செய்கிறேன். இரண்டு வருடம் முன்பு பக்கத்து ஊர்க்காரரிடம் பழைய டிராக்டரும் டிரெய்லரும் வாங்கினேன். ஆர்.சி. இன்னும் அவர் பெயரில்தான் இருக்கிறது. கொள்ளிடத்தில் மணல் அள்ளியதாக வி.ஏ.ஓ. கொடுத்த புகாரில், எட்டு மாதம் முன்பு போலீஸார் வண்டியைப் பிடித்துப் போய்விட்டார்கள். ஓட்டியது டிரைவர், நான் அன்று ஊரிலேயே இல்லை. கோட்டாட்சியர் ஆபீஸில் அபராதம் கட்டினால் வண்டி வந்துவிடும் என்கிறார் தெரிந்தவர் ஒருவர். கட்டலாமா?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகர்

பதில்: கட்டாதீர்கள், முதலில் எஃப்.ஐ.ஆர். நகலை வாங்குங்கள். எட்டு மாதமாக அது உங்கள் கையில் இல்லை என்பது கடிதத்திலிருந்தே தெரிகிறது. எந்தப் பிரிவில் வழக்கு என்று தெரியாமல் எந்த ஆபீஸில் போய் நிற்பீர்கள்?

இத்தகைய வழக்குகளில் வழக்கமாக இரண்டு சட்டங்கள் சேர்ந்து வரும். ஒன்று, பாரதிய நியாய சன்ஹிதா 303(2), அதாவது திருட்டு. மற்றது, 1957-ஆம் ஆண்டு கனிமச் சட்டத்தின் 21-வது பிரிவு. அபராதம் கட்டிச் சமரசம் செய்துகொள்ள கனிமச் சட்டத்தின் 23ஏ பிரிவு இடம் தருவது உண்மைதான். ஆனால் அப்படிக் கட்டினாலும் திருட்டு வழக்கு தனியே நிற்கும் என்று 2020-இல் ஜெயந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. உங்கள் 'தெரிந்தவர்' இதைச் சொல்லியிருக்க மாட்டார்.

வண்டியை விடுவிக்கக் கேட்க வேண்டிய இடம் நீதிமன்றம். பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதா 497 அல்லது 503-இன் கீழ் மனு போட வேண்டும். கனிமச் சட்டப் பிரிவும் சேர்ந்திருந்தால் மாஜிஸ்திரேட்டிடமா, தனி நீதிமன்றத்திலா என்பதை எஃப்.ஐ.ஆரைப் பார்த்துத்தான் சொல்ல முடியும். பிடிபட்ட வாகனங்களை ஸ்டேஷனில் போட்டு மக்கவிடக் கூடாது என்று 2002-இலேயே சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. அதை மட்டும் நம்பி இருந்துவிடாதீர்கள். மணல் வண்டிகளை விடக்கூடாது, பறிமுதல் நடவடிக்கை எடுங்கள் என்று 2018 அக்டோபர் 29 அன்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவிட்டது. பின்னர் நிபந்தனையோடு விடுவித்த உத்தரவுகளும் உண்டு. பிணைப்பத்திரம், போட்டோ, வண்டியை விற்கமாட்டேன், கேட்கும்போது கொண்டுவருவேன் என்ற உறுதி, சில சமயம் கணிசமான டெபாசிட் எல்லாம் கேட்பார்கள். 21(4ஏ)-இன் கீழ் பறிமுதல் உத்தரவு வந்துவிட்டால் கதையே வேறு. தாமதத்தின் ஆபத்து அங்கேதான்.

இவ்வளவுக்கும் முன்னால் உங்கள் வழக்கைத் தீர்மானிக்கப்போவது ஆர்.சி. புத்தகம். மோட்டார் வாகனச் சட்டம் 2(30)-இன்படி யார் பெயரில் பதிவோ அவரே உரிமையாளர். நீங்கள் மனு போட்டால் அரசுத் தரப்பு கேட்கும் முதல் கேள்வி, 'இவர் யார்?' என்பதுதான். வாங்கியவர் 30 நாளுக்குள் பெயர் மாற்றத்துக்குத் தெரிவிக்க வேண்டும் என்கிறது சட்டம். நீங்கள் இரண்டு வருடம் சும்மா இருந்தீர்கள். ஐந்நூறு ரூபாய்க் கடனுக்கு நோட்டு எழுதி வாங்குகிறவர்கள், லட்சக்கணக்கில் கொடுத்து வண்டி வாங்கும்போது மட்டும் படிவம் 29, 30-இல் கையெழுத்து வாங்க மறந்துவிடுகிறார்கள். விற்றவருக்கும் இதில் தலைவலிதான். போலீஸ் நோட்டீஸ் அவர் வீட்டுக் கதவைத்தான் தட்டும்.

இப்போதைக்கு வழி, பதிவு உரிமையாளரே மனுதாரராக வருவது, அல்லது வண்டியை உங்களிடம் ஒப்படைக்க ஆட்சேபம் இல்லை என்று அவர் பிரமாணப் பத்திரம் தருவது. எது பொருந்தும் என்பதை உங்கள் வக்கீல் முடிவு செய்யட்டும். வண்டி மேல் ஃபைனான்ஸ் பாக்கி இருந்தால் அதையும் மறைக்காமல் சொல்லுங்கள்.

டிரெய்லருக்குத் தனி நம்பர், தனி ஆர்.சி. உண்டு. மனுவில் அதை விட்டுவிட்டு இன்ஜினை மட்டும் ஓட்டிக்கொண்டு வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். கைப்பற்றுதல் மகஜரில் பேட்டரி, டயர்கள் குறிக்கப்பட்டிருக்கின்றனவா என்றும் பாருங்கள்; இல்லையென்றால், வண்டி திரும்பும்போது அவை காணாமல் போயிருந்தால் கேட்க வாயில்லை.

உங்கள் கடிதத்தின் மூன்றாவது பத்தியை நான் பிரசுரிக்கவில்லை. அதில் எழுதியிருப்பதை இனி உங்கள் வக்கீலைத் தவிர யாரிடமும் சொல்லாதீர்கள். உங்களையும் எதிரியாகச் சேர்த்திருந்தால் முன்ஜாமீன் தேவைப்படலாம். அதை நேரில் பேச வேண்டும். இது காகிதம் பார்க்காமல் சொல்லும் பொதுக் கருத்துதான். எஃப்.ஐ.ஆர்., மகஜர், இரண்டு ஆர்.சி., இன்ஷூரன்ஸ், பணம் கொடுத்த ரசீது ஆகியவற்றோடு, விற்றவரையும் கூட்டிக்கொண்டு இந்த வாரமே திருச்சியில் ஒரு குற்றவியல் வழக்கறிஞரை நேரில் பாருங்கள்.