சீனி இல்லாத சாக்லேட்

தீபாவளிக்கும் பிறந்தநாளுக்கும் இனிப்பு வழங்கி மகிழ்வது நம் வழக்கம். அதிரசம், நெய்யுருண்டை, அச்சு முறுக்கு ஆகியவற்றோடு இப்போது சாக்லேட்டும் விருந்தினர் தட்டில் இடம்பிடித்துவிட்டது. ஆயினும், அந்தத் தட்டு எல்லாரிடமும் நின்று செல்வதில்லை. “தாத்தாவுக்கு இனிப்புநீர் இருக்கிறது, அவருக்குக் கொடுக்காதே” என்று யாராவது சொல்வார்கள். உடனே தட்டு அவரைக் கடந்து அடுத்தவரிடம் சென்றுவிடும். நோயினால் வரும் துன்பம் ஒருபுறம் இருக்க, உறவினர் நடுவே அமர்ந்திருந்தும் ஒதுக்கப்பட்டதுபோன்ற உணர்வு அவரை வாட்டும்.

இந்நிலை ஏதோ ஒரு சில வீடுகளில் மட்டும் காணப்படுவதன்று. மலேசிய சுகாதார அமைச்சு 2023ஆம் ஆண்டில் மேற்கொண்ட தேசிய ஆய்வின்படி, நாட்டில் வாழும் பெரியவர்களுள் 15.6 விழுக்காட்டினர் நீரிழிவு நோய்க்கு ஆளாகியுள்ளனர். அதாவது, ஆறு பேரில் ஏறத்தாழ ஒருவருக்கு இந்நோய் உள்ளது. இன அடிப்படையில் பார்த்தால், இந்தியர்களிடையேதான் இவ்விழுக்காடு மிகுதி. முதியோர் மட்டுமல்லர், முதல் வகை நீரிழிவு நோயோடு பள்ளிக்கு வரும் மாணவர்களும் உள்ளனர்.

உணவுக் கட்டுப்பாட்டில் இருப்பவரும் மகிழ்ந்து உண்ணும்படி சாக்லேட் செய்ய முடியுமா? முடியும். ஆனால், சீனியை எடுத்துவிட்டால் மட்டும் போதாது. எடுத்த சீனிக்குப் பதிலாக என்ன சேர்க்கிறோம், அதை எவ்வளவு உண்கிறோம் என்பனவற்றையும் அறிந்திருக்க வேண்டும்.

கசப்பு இனிப்பான கதை

கொக்கோ நமக்குப் புதிய பயிரன்று. 1980களின் இறுதியில் மலேசியா உலகின் முன்னணிக் கொக்கோ உற்பத்தி நாடுகளுள் ஒன்றாக விளங்கியது. சபாவின் தாவாவ் வட்டாரத்தில் கொக்கோத் தோட்டங்கள் பரந்து கிடந்தன. பேராக்கின் பாகான் டத்தோ பகுதியில் தென்னை மரங்களுக்கிடையே கொக்கோ ஊடுபயிராக வளர்க்கப்பட்டது. கொக்கோப் பழத்தை உடைத்தால், விதைகளைச் சுற்றியுள்ள வெண்ணிறச் சதைப்பகுதி இனிப்பும் புளிப்பும் கலந்து சுவைக்கும். விதையைக் கடித்தாலோ கசக்கும். அந்தக் கசப்புதான் கொக்கோவின் இயல்பான சுவை.

விதைகளைச் சில நாள்கள் நொதிக்க வைத்து, வெயிலில் உலர்த்தி, வறுத்து, அரைத்தால் கொக்கோக் கூழ் கிடைக்கும். அக்கூழில் ஏறத்தாழப் பாதி கொழுப்பாகும். 1828ஆம் ஆண்டில் நெதர்லாந்தைச் சேர்ந்த வான் ஹூட்டன் குடும்பத்தார் அக்கொழுப்பைப் பிழிந்தெடுக்கும் முறைக்குக் காப்புரிமை பெற்றனர். கொழுப்பைப் பிழிந்த பின் எஞ்சும் பகுதியைப் பொடித்தால் கிடைப்பதே கொக்கோத் தூள். அதில் சீனி சேர்க்கப்படுவதில்லை. ஆனால், கடையில் விற்கப்படும் இனிப்பூட்டிய சாக்லேட் பானத் தூள் வேறு. கொக்கோத் தூள் வேறு. வாங்கும்போது இவ்வேறுபாட்டை மறத்தலாகாது.

சீனியின் வேலை என்ன?

சாக்லேட்டில் சீனி இனிப்பைத் தருவதோடு நின்றுவிடுவதில்லை. அதன் எடையிலும் பருமனிலும் பெரும்பங்கு வகிப்பதும் சீனிதான். பால் சாக்லேட்டில் ஏறத்தாழப் பாதி சீனியாக இருக்கும். அவ்வாறெனில், 40 கிராம் எடையுள்ள ஒரு சாக்லேட்டில் 20 கிராம் சீனி, அதாவது 5 தேக்கரண்டிச் சீனி, அடங்கியிருக்கும். ஒருவர் ஒரு நாளில் உட்கொள்ளும் சேர்க்கைச் சீனியை 25 கிராம் அளவுக்குள் வைத்துக்கொள்வது மேலும் நன்மை தரும் என்று உலகச் சுகாதார நிறுவனம் 2015இல் தெரிவித்தது. ஒரே ஒரு சாக்லேட் அவ்வளவின் பெரும்பகுதியை எடுத்துக்கொள்கிறது.

நாம் உண்ணும் சீனி விரைவில் செரித்து இரத்தத்தில் கலக்கிறது. அதை உடலின் உயிரணுக்களுக்குள் கொண்டுசெல்ல இன்சுலின் என்னும் சுரப்புநீர் உதவுகிறது. நீரிழிவு நோயாளிகளின் உடலில் இன்சுலின் போதுமான அளவு சுரப்பதில்லை. அல்லது சுரந்தும் சரிவரச் செயல்படுவதில்லை. இதனால், இரத்தத்தில் சீனி தேங்குகிறது. இந்நிலை நீண்டகாலம் நீடித்தால் கண், சிறுநீரகம், நரம்பு, இதயம் ஆகியவை பாதிக்கப்படும்.

சீனிக்கு மாற்று எது?

சீனிக்கு மாற்று என்றதும் பலர் தேன், நாட்டுச்சர்க்கரை, தென்னஞ்சர்க்கரை, பேரீச்சம்பழம் ஆகியவற்றை நாடுகின்றனர். இவை இயற்கையானவை என்பதால் தீங்கற்றவை என்று எண்ணுவது தவறு. தேனில் ஏறத்தாழ 80 விழுக்காடு சீனிதான். பேரீச்சம்பழத்தில் நார்ச்சத்து இருப்பினும், அதன் எடையில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு சீனியாகும். இவற்றால் செய்த சாக்லேட் வெள்ளைச் சீனி சேர்க்காததாக இருக்கலாம். ஆனால், சீனி இல்லாதது ஆகாது.

உண்மையான மாற்று இனிப்பூட்டிகள் இரு வகைப்படும். சீனித்துளசிச் சாறு, சுக்ரலோஸ் போன்றவை முதல் வகை. சுக்ரலோஸ் சீனியைவிட ஏறத்தாழ 600 மடங்கு இனிப்பானது. ஆகவே, ஒரு சிட்டிகைக்கும் குறைவாகவே தேவைப்படும். ஆனால், சீனி தந்த பருமனை அதனால் ஈடுசெய்ய இயலாது.

எரித்ரிட்டால், மால்டிட்டால், சைலிட்டால் ஆகியவை இரண்டாம் வகை. இவை ‘சீனி ஆல்கஹால்’ எனப்படும். பெயரில் ஆல்கஹால் இருந்தாலும் இவை போதை தருபவை அல்ல. எரித்ரிட்டாலுக்குச் சீனியின் இனிப்பில் ஏறத்தாழ 70 விழுக்காடு உண்டு. இரத்தச் சீனியை அது பெரும்பாலும் உயர்த்துவதில்லை. நாவில் பட்டதும் சற்றே குளிர்ச்சியூட்டும். மால்டிட்டால் சீனியின் சுவையை ஒத்திருப்பதால் கடைச் சாக்லேட்டுகளில் அதிகம் சேர்க்கப்படுகிறது. எனினும், அது சீனியைவிடக் குறைவாகவேனும் இரத்தச் சீனியை உயர்த்தும். இவ்வகை இனிப்பூட்டிகளை மிகுதியாக உண்டால் வயிறு உப்பும், வயிற்றுப்போக்கும் ஏற்படலாம். வீட்டில் நாய் வளர்ப்போர் மேலும் கவனமாக இருக்க வேண்டும். சாக்லேட், சைலிட்டால் ஆகிய இரண்டுமே நாய்களுக்கு நஞ்சாகும்.

வீட்டில் செய்து பார்ப்போம்

பின்வரும் அளவில் ஏறத்தாழ 24 சிறு வில்லைகள் செய்யலாம்.

தேவையான பொருள்கள்:

தேங்காய் எண்ணெய் – 100 கிராம்
இனிப்பூட்டாத கொக்கோத் தூள் – 60 கிராம்
பொடித்த எரித்ரிட்டால் – 40 கிராம்
வறுத்துத் தோல் நீக்கிய நிலக்கடலை – 60 கிராம்
உப்பு – ஒரு சிட்டிகை

செய்முறை:

1. நிலக்கடலையை ஒன்றிரண்டாக உடைத்துக்கொள்க.

2. ஒரு பாத்திரத்தில் சிறிது நீரைச் சுடவைத்து, அதன்மேல் ஈரமில்லாத மற்றொரு பாத்திரத்தை வைத்துத் தேங்காய் எண்ணெயை இளஞ்சூடாக்குக.

3. கொக்கோத் தூளையும் எரித்ரிட்டால் பொடியையும் சலித்து, சிறிது சிறிதாக எண்ணெயில் சேர்த்துக் கட்டிதட்டாமல் கலக்குக. பிறகு, உப்பைச் சேர்க்க.

4. அடுப்பிலிருந்து இறக்கி நிலக்கடலையைக் கலந்து, சிறிய அச்சுகளில் ஊற்றுக.

5. குளிர்பதனப் பெட்டியில் ஒரு மணி நேரம் வைத்து, இறுகியதும் எடுத்துப் பரிமாறுக.

இச்செய்முறையில் சில நுணுக்கங்கள் உள்ளன. எரித்ரிட்டால் எண்ணெயில் கரையாது. எனவே, அதை மாவுபோல் பொடிக்காவிட்டால் வில்லை நறநறக்கும். கலவையில் ஒரு துளி நீர் விழுந்தாலும் கொக்கோத் துகள்கள் ஒன்றோடொன்று ஒட்டித் திரண்டுவிடும். ஆகையால், கரண்டியும் பாத்திரமும் உலர்ந்திருக்க வேண்டும். தேங்காய் எண்ணெய் ஏறத்தாழ 24 பாகை செல்சியஸ் வெப்பத்தில் உருகத் தொடங்கும். நம் நாட்டு வெயிலில் இவ்வில்லை மேசைமேல் நெடுநேரம் தாங்காது. கொக்கோக் கொழுப்பு ஏறத்தாழ 34 பாகையில்தான் உருகும். அது கிடைத்தால் எண்ணெயில் ஒரு பகுதிக்குப் பதிலாக அதைச் சேர்க்கலாம். நிலக்கடலை ஒவ்வாதவர்களுக்கு வறுத்த பூசணி விதையைச் சேர்த்துத் தனிப் பாத்திரத்தில் செய்ய வேண்டும்.

சீனி இல்லை, கொழுப்பு உண்டு

சீனி இல்லை என்பதற்காக இவ்வில்லையை விரும்பியவாறெல்லாம் உண்ணலாமா? ஒரு சிறு கணக்கைப் போட்டுப் பார்ப்போம். 100 கிராம் எண்ணெயை 24 வில்லைகளுக்குப் பகிர்ந்தால், ஒவ்வொன்றிலும் ஏறத்தாழ 4 கிராம் எண்ணெய் இருக்கும். ஒரு கிராம் சீனி 4 கலோரி ஆற்றலைத் தருகிறது. ஒரு கிராம் கொழுப்போ 9 கலோரி தருகிறது. ஆக, எண்ணெயிலிருந்து மட்டும் ஒரு வில்லைக்கு 36 கலோரி கிடைக்கிறது. கொக்கோவும் கடலையும் சேரும்போது இவ்வளவு மேலும் உயரும். தேங்காய் எண்ணெயில் நிறைவுற்ற கொழுப்பே மிகுதி. ஆகவே, ஓரிரு வில்லைகளோடு நிறுத்திக்கொள்வதே அறிவுடைமை.

கடையில் வாங்கும் சாக்லேட்டுக்கும் இக்கருத்து பொருந்தும். உறையின் முகப்பில் பெரிதாக அச்சிடப்பட்டிருப்பதைவிட, பின்புறம் சிறிதாக அச்சிடப்பட்டிருப்பதே பயன்மிக்கது. ‘சீனி இல்லாதது’ என்றால், 100 கிராமில் சீனியின் அளவு 0.5 கிராமுக்கு மிகாமல் இருக்க வேண்டும். ‘சீனி சேர்க்கப்படாதது’ என்றாலோ, தயாரிப்பாளர் தனியாகச் சீனி சேர்க்கவில்லை என்பதே பொருள். பாலிலும் பழத்திலும் இயல்பாக உள்ள சீனி அதில் இருக்கலாம். எனவே, சீனியை மட்டும் பார்க்காமல் மொத்த மாவுச்சத்து, கொழுப்பு, ஒரு முறை உண்ணும் அளவு ஆகியவற்றையும் சேர்த்துப் படிக்க வேண்டும்.

மாற்று இனிப்பூட்டிகளைப் பற்றியும் ஓர் எச்சரிக்கை உண்டு. உடல் எடையைக் குறைப்பதற்காகச் சுக்ரலோஸ், சீனித்துளசி போன்றவற்றை நம்பியிருக்க வேண்டாம் என்று உலகச் சுகாதார நிறுவனம் 2023இல் பரிந்துரைத்தது. ஏற்கெனவே நீரிழிவு நோய் உள்ளவர்களுக்கு இப்பரிந்துரை பொருந்தாது. நோயற்றவர்கள் இனிப்பையே சிறிது சிறிதாகக் குறைத்துப் பழகுவது நல்லது.

இனிப்பே மருந்தாகும் வேளை

இன்சுலின் ஊசி போட்டுக்கொள்பவருக்குச் சில வேளைகளில் இரத்தச் சீனி அளவுக்கு மீறி இறங்கிவிடும். அப்போது கை நடுங்கும்; உடல் வியர்க்கும்; பேச்சுத் தடுமாறும். அந்நேரத்தில் சீனி இல்லாத சாக்லேட் பயன்படாது. சாதாரணச் சாக்லேட்டும் விரைந்து உதவாது. அதிலுள்ள கொழுப்பு சீனி இரத்தத்தில் கலப்பதைத் தாமதப்படுத்தும். அவர் சுயநினைவோடு விழுங்கக்கூடிய நிலையில் இருந்தால், மூன்று அல்லது நான்கு தேக்கரண்டிச் சீனியை நீரில் கரைத்துக் குடிக்கக் கொடுக்க வேண்டும். சுயநினைவு இழந்தவருக்கு வாய்வழி எதையும் கொடுக்காமல் உடனே 999 எண்ணை அழைக்க வேண்டும். அன்றாடம் தவிர்க்க வேண்டிய சீனியே இவ்வேளையில் உயிர்காக்கும் மருந்தாகிறது.

ஒருவரின் உணவுக் கட்டுப்பாடு மற்றொருவருக்குப் பொருந்தாது. சிறுநீரக நோயாளிக்குக் கொக்கோவும் கடலையும் ஏற்காமல் போகலாம். அவற்றில் பொட்டாசியமும் பாஸ்பரசும் மிகுதி. ஆகவே, இனிப்பைக் கொடுக்குமுன் அவரிடமே, “இதில் இன்னின்ன பொருள்கள் உள்ளன, உங்களுக்கு ஏற்குமா?” என்று கேட்பதே முறை. ஐயம் இருந்தால் உணவியல் வல்லுநரை நாடலாம். அவருக்காக நாமே முடிவெடுத்துத் தட்டை நகர்த்துவதும் பண்பன்று. “ஒன்றுதானே, ஒன்றும் ஆகாது” என்று வற்புறுத்துவதும் அன்பன்று. என்ன சேர்த்தோம் என்பதை மறைக்காமல் சொல்லி, ஏற்கவோ மறுக்கவோ அவருக்கு இடம் தருவதே உண்மையான விருந்தோம்பல்.

சொற்பொருள்

ஊடுபயிர் – ஒரு பயிருக்கு இடையே வளர்க்கப்படும் மற்றொரு பயிர்
காப்புரிமை – புதிய கண்டுபிடிப்பைப் பயன்படுத்தச் சட்டம் தரும் தனியுரிமை
பருமன் – ஒரு பொருள் அடைத்துக்கொள்ளும் இடத்தின் அளவு
ஈடுசெய்தல் – குறையை வேறொன்றால் நிரப்புதல்
ஒவ்வாதவர் – ஒரு பொருளை உடல் ஏற்காதவர்

கருத்துணர் வினாக்கள்

1. பேரீச்சம்பழத்தால் செய்த சாக்லேட்டைச் ‘சீனி இல்லாதது’ என்று கூற முடியாது. ஏன்?

2. எரித்ரிட்டால், மால்டிட்டால் ஆகியவற்றுக்கிடையே உள்ள இரு வேறுபாடுகளை எழுதுக.

3. ‘தவிர்க்க வேண்டிய சீனியே உயிர்காக்கும் மருந்தாகிறது’ என்னும் கூற்றை விளக்குக.

4. உணவுக் கட்டுப்பாட்டில் இருப்பவருக்காக மற்றவர் முடிவெடுப்பது சரியா? உம் கருத்தைத் தக்க காரணங்களுடன் எழுதுக.

5. இரண்டு சாக்லேட் உறைகளைச் சேகரித்து, அவற்றில் குறிக்கப்பட்டுள்ள சீனி, மொத்த மாவுச்சத்து, கொழுப்பு ஆகியவற்றின் அளவை ஒப்பிட்டு வகுப்பில் படைத்திடுக.