சிலிண்டர் சிதம்பரம் தாண்டுமா?

இரண்டாம் அலை சமயத்துல வாங்கின பல்ஸ் ஆக்ஸிமீட்டர் உங்க வீட்டு அலமாரியில பேட்டரி செத்துக் கிடக்கும். எடுத்துப் புது பேட்டரி போடுங்க. உள்ளே இருக்கறது ரெண்டு எல்.இ.டி.தான்: 660 நானோமீட்டர் சிவப்பு, 940 நானோமீட்டர் அகச்சிவப்பு. ஆக்ஸிஜன் ஏறின ஹீமோகுளோபின் அகச்சிவப்பை அதிகம் உறிஞ்சும், ஏறாதது சிவப்பை. ஆனா விரல்ல தோல், எலும்பு, சதை எல்லாமே ஒளியை உறிஞ்சுமே? நாடித் துடிப்போட ஏறி இறங்கற பகுதியை மட்டும் பிரிச்சு எடுத்தா அது தமனி ரத்தத்தோட சிக்னல். ஜப்பான் இன்ஜினியர் டகுவோ அயோயாகி 1974-ல கண்டுபிடிச்ச சூட்சுமம் இது. அவர் இறந்தது 2020 ஏப்ரல்ல, உலகமே அவர் கருவியைத் தேடி அலைஞ்ச மாசம்.

ரெண்டு சிக்னலோட விகிதம் 1 வந்தா கருவி சுமார் 85 காட்டும். விரல் ஜில்லுன்னு இருந்தாலோ ஆடிட்டே இருந்தாலோ விகிதம் சும்மாவே 1 பக்கம் போயிடும். அதனால நல்லாயிருக்கற ஆளுக்கு 85 வந்தா பதறாம, நெயில் பாலிஷைத் துடைச்சு, கையைத் தேய்ச்சு சூடாக்கித் திரும்பப் பாருங்க.

இப்போ நிமோனியாவுக்கு வருவோம். நுரையீரலோட காற்றுப் பைகள்ல நீரும் சீழும் நிரம்பிடுது. அந்தப் பைகளைச் சுத்தி ரத்தம் ஓடத்தான் செய்யுது, ஆனா ஆக்ஸிஜன் எடுக்காமலே திரும்பிடுது. இங்கதான் 98-க்கும் 90-க்கும் என்ன பெரிய வித்தியாசம்னு நாம ஏமாறறோம். ரத்தத்துல ஆக்ஸிஜன் அழுத்தம் 100 மி.மீ. பாதரசத்துலேர்ந்து 60-க்கு விழுந்தாலும் கருவி 98-லேர்ந்து 90-க்குத்தான் இறங்கும். அடுத்து இன்னும் 20 விழுந்தா? நேரா 75. கிராஃப் நேர்கோடு இல்லை. 90-க்குக் கீழ செங்குத்துச் சரிவு. 94-க்குக் கீழ போனாலே ஆஸ்பத்திரிக்குக் கிளம்பிடணும். எண் நல்லாயிருந்தும் நிமிஷத்துக்கு 30 தடவைக்கு மேல மூச்சு வாங்கினா, அப்பவும் கிளம்பணும்.

ஆக்ஸிஜன் நிமோனியாவைக் குணமாக்காது. பாக்டீரியாவால வந்ததுன்னா குணமாக்கறது ஆன்டிபயாடிக். அது வேலை செய்யற வரைக்கும் ஆளைத் தாங்கிப் பிடிக்கறது ஆக்ஸிஜன். மூக்குக் குழாயில 1 முதல் 6 லிட்டர் வரை, போதலைன்னா மாஸ்க், அதுக்கும் மேல பை வச்ச மாஸ்க்ல 10 முதல் 15 லிட்டர். எல்லாமே நிமிஷக் கணக்கு. எல்லாருக்கும் 100-ஐ எட்டணும்னு இல்லை. பல வருஷப் புகையால நுரையீரல் கெட்டுப்போனவங்க சிலருக்கு 88-லேர்ந்து 92-க்குள்ளதான் வைப்பாங்க. அதிகமா குடுத்தா கார்பன் டை ஆக்சைடு தேங்கிடும்.

இனி நம்ம ஊர்க் கணக்கு. காரைக்கால் புதுச்சேரி யூனியன் பிரதேசம்தான், ஆனா புதுச்சேரி சுமார் 130 கி.மீ. தள்ளி. தரங்கம்பாடி, சீர்காழி, சிதம்பரம், கடலூர்னு தமிழ்நாட்டைக் கடந்து போகணும். 3 மணி நேரம் வச்சுக்கோங்க. பி டைப் சிலிண்டரோட கொள்ளளவு 10 லிட்டர், முழுசா நிரப்பினா அழுத்தம் சுமார் 150 பார். பாயில் விதி எதுக்குன்னு கேட்டீங்களே! 10 × 150 = 1500 லிட்டர். நிமிஷத்துக்கு 10 லிட்டர் போனா 150 நிமிஷம், அதாவது இரண்டரை மணி நேரம். முழு சிலிண்டரே பத்தாது. முள் பாதியில நின்னா 75 நிமிஷம். சிதம்பரம் பக்கத்துலேயே தீர்ந்துடும். திருவாரூர்னா சுமார் 40 கி.மீ.தான், அந்தப் பாதியே போய்ச் சேரும். பெரிய டி டைப்ல சுமார் 7000 லிட்டர் இருக்கு, அது இருந்தா புதுச்சேரிக்கே கவலையில்லை.

எந்த ஆஸ்பத்திரிக்குன்னு டாக்டர் சொல்லுவார். கூடப் போறது நீங்கன்னா, வண்டி கிளம்பறதுக்கு முன்னாடி முள் எத்தனை பார்ல நிக்குதுன்னு பாருங்க, எத்தனை லிட்டர் ஓடுதுன்னு கேளுங்க, கொள்ளளவால பெருக்கி அந்த லிட்டரால வகுங்க. ரெண்டாவது சிலிண்டர் ஏத்தியாச்சான்னு மட்டும் கேட்டா போதாது. அதைத் திறக்கற சாவியும் வண்டியில இருக்கான்னு கேளுங்க.