தேக்காவில் பதினொரு நிமிடம்: ஓர் இளம் கதைக்காரருக்கு

அன்புள்ள தம்பிக்கு,

உன் கதையைப் படித்துவிட்டேன். ஒரு ஞாயிறு மாலை சிங்கப்பூரின் தேக்காவில், சிராங்கூன் ரோட்டுக்கும் ரேஸ் கோர்ஸ் ரோட்டுக்கும் நடுவே நிற்கிற எல்லாருக்கும், நடப்பதெல்லாம் பதினொரு நிமிடம் கழித்துத்தான் கண்ணிலும் காதிலும் படுகிறது. கரு நன்றாக இருக்கிறது. ஆனால் மூன்றாம் பக்கத்தில் வெள்ளைக் கோட்டு விஞ்ஞானிகள் வந்து விளக்கம் சொல்லத் தொடங்கியதும் கதை படுத்துவிட்டது. அவர்களை அனுப்பிவிடு. இந்த மாதிரிக் கதையில் ஏன் நடந்தது என்பது யாருக்கும் வேண்டாம். எப்படி நடக்கிறது என்பது மட்டும் பிசகாமல் இருக்க வேண்டும்.

அங்கேதான் இடிக்கிறது. பதினொரு நிமிடம் பழைய காட்சியைப் பார்க்கிறவன் ரோட்டைக் கடந்தால் உயிரோடு மறுபக்கம் போக மாட்டான். உன் ஆட்களோ பஃபலோ ரோட்டில் கத்தரிக்காய் பொறுக்குகிறார்கள், சில்லறை எண்ணுகிறார்கள், பஸ் ஏறுகிறார்கள். உடம்பு இப்போதே நடந்துகொண்டு அறிவு மட்டும் பின்தங்கியிருக்கிறதா? இல்லை, உடம்பும் சேர்ந்து பின்தங்கியதா? எதுவானாலும் சரி, ஒன்றை முடிவு செய்து கடைசி வரி வரைக்கும் அதைக் காப்பாற்று.

பதினொரு நிமிடம்தான் வேண்டுமா என்றும் யோசி. லண்டன் ஆய்வாளர்கள் 2013இல் ஓர் ஓய்வுபெற்ற விமானியைப் பற்றி எழுதினார்கள். எதிரில் பேசுகிறவரின் குரல் அவருக்கு முதலில் கேட்கும், உதடு பிறகுதான் அசையும். இடைவெளி கால் விநாடிகூட இல்லை. சரியாக ஒட்டாத டப்பிங் படத்துக்குள் குடியிருப்பது போன்ற வாழ்க்கை. 1983இல் ஜெர்மனியிலிருந்து பதிவான ஒரு பெண்ணுக்கு, மூளையில் ஏற்பட்ட பாதிப்பால் அசைவே தெரியாமல் போயிற்று. கோப்பையில் ஊற்றும் தேநீர் உறைந்து நிற்கும். எங்கோ தூரத்தில் இருந்த கார் திடீரென்று பக்கத்தில் இருக்கும். அந்தத் தேநீரை உன் கதையின் சாப்பாட்டுக் கடைக்குக் கொண்டுபோக முடியுமா என்று பார். தே தாரிக் என்று தேநீரை உயர இழுத்து ஆற்றுகிறவர் கையிலிருந்து அது எப்படித் தெரியும்!

இனி முக்கியமான குறை. உன் கதையில் எல்லாருக்கும் ஒரே அளவு தாமதம். அப்படியென்றால் அங்கே தாமதமே இல்லை. யாரோடு ஒப்பிட்டு அவர்களுக்கு அது தெரியப்போகிறது? இந்த ஊரையே எடுத்துக்கொள். 1981 டிசம்பர் 31 இரவு 11.30க்கு நாட்டின் கடிகாரங்களை 12க்குத் தள்ளி வைத்தார்கள். மலேசியா தன் தீபகற்பப் பகுதியை சபா, சரவாக் நேரத்தோடு சேர்த்தது, நாமும் கூடப் போனோம். நாம் இருக்கும் தீர்க்கரேகைக்குக் கிரீன்விச்சைவிட 7 மணி நேரம் முன்னே இருந்தால் போதும், வைத்திருப்பதோ 8. சூரியன் உச்சிக்கு வரப் பகல் 1 மணி ஆகிறது. யாராவது கவலைப்படுகிறோமா? ஐம்பது லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் சேர்ந்தே சூரியனை முந்திப் போவதால் ஒருவருக்கும் உறைக்கவில்லை. ஜாதகம் கணிக்கிறவருக்கு மட்டும் உறைக்கும். சிங்கப்பூரில் பிறந்தவர் என்றால் 1982க்கு முன்பா பின்பா என்று அவர் பார்த்தாக வேண்டும். அந்த இரவில் காணாமல்போன அரை மணி நேரத்தில் பிறந்ததாக எந்தச் சான்றிதழும் சொல்ல முடியாது. அதை வைத்தே தனிக் கதை எழுதலாம், எடுத்துக்கொள்.

இரண்டு பேருக்கு நடுவில்தான் தாமதம் உண்டாகிறது. பாப் ஷா 1966இல் எழுதிய சிறுகதை ஒன்றில் ஒளி ஊடுருவிவர ஆண்டுக்கணக்கில் எடுத்துக்கொள்ளும் கண்ணாடி வருகிறது. அதை விற்பவன் வீட்டு ஜன்னலில் மனைவியும் குழந்தையும் தெரிகிறார்கள். வாங்க வந்த தம்பதிக்கு அவர்கள் உள்ளே இருக்கும் மனிதர்கள். விபத்தில் இருவரும் இறந்துபோனது அவனுக்குத் தெரியும். கண்ணாடி எப்படி வேலை செய்கிறது என்று ஷா சுருக்கமாகவே சொல்கிறார். மீதியெல்லாம் அவனுக்குத் தெரிந்ததற்கும் இவர்களுக்குத் தெரிந்ததற்கும் நடுவில் நடக்கிறது.

நீ தேர்ந்தெடுத்த இடத்தைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். ரேஸ் கோர்ஸ் ரோடு, ஞாயிறு மாலை, தொழிலாளர் கூட்டம் என்று எழுதினால் இங்குள்ள வாசகன் 2013 டிசம்பர் 8ஐ நினைக்காமல் இருக்க மாட்டான். ஹாம்ப்ஷயர் ரோட்டுச் சந்திப்பில் தனியார் பேருந்தில் அடிபட்டு ஓர் இந்தியத் தொழிலாளர் இறந்தார். அன்றிரவு கலவரம் வெடித்தது. முன்னாள் நீதிபதி ஜி. பன்னீர்செல்வம் தலைமையிலான விசாரணைக் குழு 2014இல் தந்த அறிக்கையில் மதுவும் ஒரு காரணமாக வந்தது. மீட்புப் பணியைக் கூட்டம் தவறாகப் புரிந்துகொண்டதும் வந்தது. பேருந்துக்கு அடியில் என்ன நடக்கிறது என்று குனிந்து பார்க்க முடிந்தவர்கள் சிலர்தான். சுற்றி நின்றவர்களுக்குத் தெரிந்தது வேறு. உன் கதையின் அதிசயம் அந்த இடத்தில் எந்த மாயமும் இல்லாமல் ஒருமுறை நடந்திருக்கிறது, உண்மையான ஒரு சாவோடு. அதனால் அங்கே எழுதாதே என்று நான் சொல்லவில்லை. அலங்காரத்துக்காக எழுதாதே. அங்கே நின்றவர்களில் ஒருவரிடமாவது பேசிவிட்டு எழுது.

எனக்குத் தோன்றுவது இது. கதையில் ஒருவனைத் தாமதம் நடக்கும் பகுதிக்கு உள்ளே நிறுத்து, அவன் அம்மாவை வெளியே வை. புதுக்கோட்டைப் பக்கம் ஏதோ ஒரு ஊர். இங்கே இரவு 9 என்றால் அங்கே 6.30. அவன் சாப்பாட்டுக் கடை வாசலில் நின்று வீடியோ அழைப்பில் பேசுகிறான். அவன் தோளுக்குப் பின்னால் வருவது அம்மாவுக்குத் திரையில் இப்போதே தெரிகிறது. அவள் கத்துகிறாள். அந்தச் சத்தம் அவன் காதில் விழப் பதினொரு நிமிடம் ஆகும். அதுவரை அவள் முகத்தில் ஓடுவதை எழுது. அவனோ பதினொரு நிமிடத்துக்கு முந்தைய அம்மாவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருப்பான். பதினொரு நிமிடம் என்ற உன் கணக்குக்கு அங்கேதான் வேலை இருக்கிறது. கால் விநாடி யோசனையை நான் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன், தேநீரை மட்டும் வைத்துக்கொள்.

விஞ்ஞானிகள் போனால் நான்கு பக்கம் குறையும், வருத்தப்படாதே. உன் கதைத் தலைப்பில் இருக்கிற ‘மர்ம’த்தையும் வெட்டு. தங்கமுனை விருதுச் சிறுகதைப் போட்டிக்கு அனுப்பும் எண்ணம் இருந்தால் அதற்கு முன் எனக்கு ஓர் அச்சுப் பிரதி கொடு, கைப்பேசியில் கதை படிக்க எனக்குப் பழக்கமில்லை. வியாழக்கிழமை மாலைகளில் விக்டோரியா ஸ்திரீட் தேசிய நூலகத்தில்தான் இருப்பேன்.

அன்புடன்,
அண்ணன்