கூலமும் அளவையும்: பர்மாப் பயறு வாணிகம் குறித்து ஒரு நோக்கு

முன்னுரை

மணிமேகலை பாடிய சாத்தனாரை நம் இலக்கிய வரலாறு 'மதுரைக் கூலவாணிகன்' என்னும் அடைமொழியோடு சேர்த்தே போற்றி வருகின்றது. கூலம் என்பது நெல், வரகு, தினை முதலியவற்றையும், உளுந்து, துவரை, பயறு, அவரை முதலியவற்றையும் ஒருசேரக் குறிக்கும் சொல். காப்பியம் பாடிய கையே கூலம் அளந்த கை என்பது தமிழர் எண்ணிப் பெருமைகொள்ளத்தக்க செய்தியாகும். சிலப்பதிகாரம் மதுரையின் கூலக்கடைத் தெருவைக் காட்டுமிடத்து, துலாக்கோலும் அளவைக் கருவிகளும் ஏந்தித் திரிவோரை மறவாது காட்டுகின்றது. கொள்ளும்போது மிகுதியாகக் கொள்ளாமையும் கொடுக்கும்போது குறையாகக் கொடாமையும் வணிகர்க்குரிய பண்பென்று பட்டினப்பாலை பேசுகின்றது. அளவிலும் நிறையிலும் குறை செய்வோரைக் கண்டிப்பதற்கென்றே 'அல் முதஃப்பிஃபீன்' என்னும் பெயருடைய 83ஆம் அத்தியாயம் திருக்குர்ஆனில் அமைந்திருத்தலையும் நாம் அறிவோம்.

அளவை என்பது நாழியும் துலாக்கோலும் மட்டுந்தானா? நாடு விட்டு நாடு கூலம் செல்லும் இக்காலத்தில், குறையளவு எங்கெங்கெல்லாம் நேர்கின்றது? இவ்வினாவைப் பர்மா எனப் பழகிய மியன்மார் நாட்டின் பயறு வாணிகத்தை எடுத்துக்காட்டாகக் கொண்டு ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பழைய உறவு

பர்மாவும் தமிழகமும் வாணிகத்தால் நெடுங்காலம் இணைந்தவை. பாகன் நகரில் கிடைத்த பதின்மூன்றாம் நூற்றாண்டுக் கல்வெட்டொன்றின் தமிழ்ப் பகுதி, அங்கிருந்த 'நானாதேசி விண்ணகர்' என்னும் திருமால் கோயிலுக்கு மகோதயர்பட்டினத்தைச் சார்ந்த ஒருவர் மண்டபமும் கதவும் விளக்கும் அளித்த செய்தியைக் கூறுகின்றது. 'நானாதேசி' என்பது பல நாடுகளுக்கும் சென்று வணிகம் செய்த குழுவினரின் பெயர். கோயிலே வணிகர் பெயர் தாங்கி நின்றதெனில் அவர்தம் செல்வாக்கு எத்தகையது என்பதை உய்த்துணரலாம்.

ஆங்கிலேயர் ஆட்சியில் நகரத்தார் கொண்டுவிற்றலும், கடற்கரை ஊர்களிலிருந்து சென்ற தமிழ் முஸ்லிம்களின் கடை வாணிகமும் ரங்கூனில் தழைத்தன. அந்நகரின் சூலியா ஜாமிஆப் பள்ளிவாசல் அவ்வரலாற்றின் சான்றாக நிற்கின்றது. 1937இல் பர்மா இந்தியாவிலிருந்து பிரிக்கப்பட்டது. 1942இல் ஜப்பானியர் படையெடுப்பால் பல இலட்சம் இந்தியர் ஊர் திரும்ப நேர்ந்தது. 1962இல் நீ வின் ஆட்சியைக் கைப்பற்றியபின் கடைகளும் நிறுவனங்களும் அரசுடைமை ஆயின. எஞ்சியிருந்தோரிலும் பலர் வெறுங்கையோடு கப்பலேறினர். இவ்வரலாற்றை நூலில் படிக்க வேண்டாதபடி, தம் இல்லத்துப் பெரியோர் வாயிலாகவே கேட்டறிந்த குடும்பங்கள் நம்மிடையே பல உள.

மக்கள் திரும்பினர், சொற்கள் தங்கிவிட்டன. பர்மாவில் இன்றும் வழங்கும் நிறுத்தலளவை ஒன்றினை ஆங்கிலேயர் 'விஸ்' என்று எழுதினர். அது நம் 'வீசை' என்னும் சொல்லின் திரிபே. பர்மிய வீசை ஏறத்தாழ 1.63 கிலோ. நம் நாட்டில் மெட்ரிக் அளவை வந்தபின் வீசை மறைந்தது. ஐராவதி ஆற்றங்கரையில் அது இன்றும் பயறு நிறுக்கின்றது.

பயிரும் பருவமும்

காவிரிப் படுகையில் சம்பா, தாளடி அறுவடைக்குச் சில நாள்களுக்கு முன்னர், நெற்பயிர் நிற்கும்போதே ஈரவயலில் உளுந்தைத் தெளிப்பது நம் உழவர் வழக்கம். எஞ்சிய ஈரத்திலும் பனியிலும் அது விளைந்துவிடும். கீழைப் பர்மாவின் ஐராவதிப் படுகையிலும் பகோ வட்டாரத்திலும் ஏறக்குறைய இம்முறையே உள்ளது. மழைக்கால நெல் அறுவடையானபின் கார்த்திகை, மார்கழியில் உளுந்து விதைக்கப்பெற்று மாசி, பங்குனியில் அறுவடையாகின்றது. மழை குறைந்த மேலைப் பர்மாவிலோ துவரையும் கடலையும் பாசிப்பயறும் விளைகின்றன. துவரை வைகாசி, ஆனியில் எள்ளுடனோ நிலக்கடலையுடனோ ஊடுபயிராக விதைக்கப்பெற்று, மார்கழி, தையில்தான் கைக்கு வரும்.

1988க்குப்பின் பர்மிய அரசு தன் பொருளியற் கொள்கையை மாற்றிக்கொண்டபோது, பயறு ஏற்றுமதியைத் தனியார்க்குத் திறந்துவிட்டது. அரிசி ஏற்றுமதியோ மேலும் பல ஆண்டுகள் அரசின் கையிலேயே இருந்தது. இதனால் உழவரும் வணிகரும் பயற்றின்பால் திரும்பினர். பயறு விளையும் பரப்புப் பன்மடங்கு பெருகி, அந்நாடு ஆசியாவின் முன்னணிப் பயறு ஏற்றுமதி நாடுகளுள் ஒன்றாயிற்று.

கழனியிலிருந்து கப்பல் வரை

பர்மிய உழவர் பெரும்பாலும் சிறு நிலமுடையோர். அரசு வேளாண் வங்கிக் கடனில் நெல்லுக்கே முதலிடம். பயறு விதைப்போர் விதைக்கும் கூலிக்கும் ஊர்த் தரகரிடமோ வணிகரிடமோ முன்பணம் பெறுதல் மிகுதி. கடன் கொடுத்தவரிடமே களத்துமேட்டில் பயறு போய்ச் சேர்கின்றது. விலை ஏறும்வரை வைத்திருந்து விற்கும் வாய்ப்பு அவ்வுழவர்க்கு இல்லை. நம் சிற்றூர்களின் நிலையும் இதுவே என்பதை விளக்க வேண்டுவதில்லை.

களத்தில் அளவை 'கூடை' ஆகும். ஆயின் கூடை என்பது பெயரளவில் ஒன்றே. நெல்லுக்கு ஏறத்தாழ 21 கிலோ, உளுந்துக்கு ஏறத்தாழ 32 கிலோ என அதன் எடை பயிருக்குப் பயிர் வேறுபடும். ஊர்த் தரகரிடமிருந்து சிறுநகர மண்டிக்கும், அங்கிருந்து யாங்கோனின் பயின்னவுங் மொத்தச் சந்தைக்கும் மூட்டைகள் செல்கின்றன. அங்கே கூடை மறைந்து டன் தோன்றுகின்றது. உள்நாட்டு நாணயமாகிய கியாட் மறைந்து டாலர் தோன்றுகின்றது. உளுந்து தரம் பிரிக்கப்பெறுகின்றது. சராசரித் தரத்தை 'எஃப்.ஏ.கியூ.' என்றும், மணி பருத்த உயர்தரத்தை 'எஸ்.கியூ.' என்றும் வணிகர் குறிப்பர். பின்னர்க் கப்பலேறிச் சென்னை முதலிய துறைமுகங்களை அடைந்து, ஆலைகளில் தோல் நீக்கி உடைக்கப்பெற்று நம் அடுக்களைக்கு வருகின்றது. விருதுநகர் போன்ற பருப்பு வாணிக நகரங்களில் பர்மா உளுந்தின் விலை அறியாமல் நாள் தொடங்குவதில்லை.

கொள்வோர் ஒருவரே

இவ்வாணிகத்தின் உயிர்நிலையான செய்தி ஒன்றுண்டு. பர்மியர் கடலையை விரும்பி உண்பர். உளுந்தையும் துவரையையும் மிகுதியாக உண்பதில்லை. ஜப்பான் முளைகட்டி உண்பதற்காகச் சிறிதளவு உளுந்து வாங்குகின்றது. மற்றபடி உளுந்துக்கும் துவரைக்கும் பெருங்கொள்வோர் இந்தியரே. தன் வீட்டில் உண்ணாத பொருளை, ஒரே அண்டை வீட்டாரை நம்பி விளைவிக்கும் நிலை அவ்வுழவருடையது. அண்டை வீட்டார் கதவைச் சாத்தினால் அப்பொருளுக்கு வேறு வாயில் இல்லை.

அத்தகைய நிலை 2017இல் நேர்ந்தது. அதற்கு முன் 2014, 2015 ஆகிய இரு ஆண்டுகளிலும் இந்தியாவில் பருவமழை பொய்த்தது. 2015இன் இறுதியில் துவரம்பருப்புக் கிலோ 200 ரூபாயை நெருங்கியது. இறக்குமதிக்கு வாயில் அகலத் திறக்கப்பட்டது. விலை கண்டு பர்மிய உழவரும் ஊக்கம் கொண்டனர். 2016-17இல் மழை நன்கு பெய்யவே, இந்தியாவில் பயறு விளைச்சல் 230 இலட்சம் டன் என்னும் அளவை எட்டி, அதுவரை காணாத உயர்வு பெற்றது. விலை சரிந்தது. 2017 ஆகஸ்டு 5ஆம் நாள் துவரை இறக்குமதி ஆண்டுக்கு 2 இலட்சம் டன்னுக்கு மேற்படலாகாது என்றும், ஆகஸ்டு 21ஆம் நாள் உளுந்தும் பாசிப்பயறும் சேர்ந்து 3 இலட்சம் டன்னுக்கு மேற்படலாகாது என்றும் இந்திய அரசு வரம்பிட்டது.

இங்கே நாள்களை உற்றுநோக்க வேண்டும். ஆகஸ்டு என்பது ஆடி, ஆவணி. துவரை விதைத்து இரண்டு மூன்று திங்கள் கழிந்து, செடி கொல்லையில் நிற்கும் காலம். விதைத்தவன் இனி வேறு பயிருக்கு மாற இயலாது. யாங்கோன் சந்தையில் விலை பெரிதும் சரிந்தது. வணிகர் கிடங்கில் தேங்கிய மூட்டைக்கும் கொல்லையில் நின்ற செடிக்கும் ஒரே நாளில் மதிப்புக் குறைந்தது. எந்தத் துலாக்கோலும் தாழவில்லை. எந்தக் கூடையும் சிறுக்கவில்லை. ஆயினும் உழவன் கைக்கு வந்த அளவு குறைந்தது.

நம் உழவர் பக்கம்

இவ்விடத்து நடுவுநிலை பிறழலாகாது. இந்திய அரசு காரணமின்றி வாயிலை அடைக்கவில்லை. 2017-18இல் உளுந்துக்குக் குவிண்டாலுக்கு 5,400 ரூபாய் குறைந்தபட்ச ஆதரவு விலை அறிவிக்கப்பட்டிருந்தும், சந்தையில் அதனினும் தாழ்ந்த விலைக்கே விற்க நேர்ந்த உழவர் பலர். சென்ற ஆண்டு பயறு விதைக்குமாறு ஊக்குவித்த அரசு, விளைந்தபின் அவர்களைக் கைவிடல் அறமாகாது. தஞ்சை உழவனுக்கு ஆதரவு விலையும் வேண்டும். சென்னைக் கூலித்தொழிலாளிக்குப் பருப்பு எட்டும் விலையிலும் வேண்டும். இவ்விரண்டையும் ஒருங்கே காப்பது ஆட்சியாளர்க்கு எளிதன்று.

ஆயின் நம் உழவரைக் காத்தல் வேறு. காக்கும் செய்தியைப் பருவம் கடந்தபின் அறிவித்தல் வேறு. முன்னதை நாம் குறை கூறவில்லை. பின்னதையே குறையளவு என்கின்றோம். அதே வரம்பை வைகாசி விதைப்பிற்கு முன் அறிவித்திருப்பின், இருநாட்டு உழவரும் அதற்கேற்ப விதைத்திருப்பர்.

பின்னர் நிகழ்ந்தவை

இக்குறையை ஓரளவு உணர்ந்ததன் பயனாகவே 2021இல் இருநாட்டிடையே ஓர் உடன்பாடு ஏற்பட்டது. 2021-22 முதல் 2025-26 வரை ஐந்து ஆண்டுகளுக்கு, ஆண்டுதோறும் 2.5 இலட்சம் டன் உளுந்தும் 1 இலட்சம் டன் துவரையும் தனியார் வாணிகத்தின் வழியே இந்தியா கொள்ளும் என்பது அதன் சாரம். விதைப்பவனுக்கு ஐந்தாண்டு முன்னோக்கு அளித்த அவ்வேற்பாடு பாராட்டத்தக்கது.

எனினும் அதே 2021 பிப்ரவரியில் மியன்மாரில் இராணுவம் ஆட்சியைக் கைப்பற்றியது. கியாட்டின் மதிப்பு வீழ்ந்தது. 2022 ஏப்ரலில், ஏற்றுமதியாளர் ஈட்டும் டாலரை அரசு வகுத்த விகிதத்தில் கியாட்டாக மாற்ற வேண்டும் என ஆணை பிறந்தது. அரசு விகிதமோ வெளிச்சந்தை விகிதத்தினும் மிகத் தாழ்ந்தது. இவ்வேறுபாட்டினை ஏற்றுமதியாளர் தாமே தாங்குவதில்லை. சங்கிலியின் கடைக் கண்ணியாகிய உழவர் வரை அது இறங்கும். வாங்கும் உரமும் எரிபொருளும் வெளிச்சந்தை விலையில். விற்கும் பயறு அரசு விகிதத்தில். இதுவும் ஒரு குறையளவே. அண்மை ஆண்டுகளில் பிரேசில் நாடும் இந்தியாவிற்கு உளுந்து அனுப்பத் தொடங்கியுள்ளது. கொள்வோர்க்கு வழி இரண்டாயின. பர்மிய உழவர்க்கு வழி இன்னும் ஒன்றே.

முடிவுரை

மேற்கூறியவற்றால் மூன்று செய்திகள் பெறப்படும். ஒன்று, ஒரே கொள்வோரை நம்பிய சந்தை பெயரளவில் கட்டற்றதாயினும், விலை கூறும் உரிமை விளைத்தவனிடம் இல்லை. இரண்டு, வளரும் நாடு ஒன்றின் பயறு வாணிகத்தில் கடனும் நாணய மாற்றும் ஆணை பிறக்கும் நாளும் துலாக்கோலைப் போலவே அளவைக் கருவிகளாகும். மூன்று, விதைப்பிற்கு முன் அறிவித்தலும், அறிவித்ததைப் பல்லாண்டு காத்தலும் இருநாட்டு உழவர்க்கும் ஒருங்கே நன்மை பயக்கும்.

அகநானூற்றின் 86ஆம் பாடலில் நல்லாவூர் கிழார் காட்டும் திருமண விருந்தில் உளுந்து இடம்பெறுகின்றது. இன்று நம் இல்லத்து விருந்திலும் உளுந்துண்டு. அதனை விளைத்தவர் மன்னார்குடியைச் சார்ந்தவரா, பகோவைச் சார்ந்தவரா என்பதை மாவு அரைக்கும் நாம் அறிவதில்லை. பொருளியல் பயிலும் மாணவரும் தமிழ் பயிலும் மாணவரும் அதனை ஒருகால் எண்ணிப் பார்த்தல் வேண்டும். மிகை கொள்ளாமையும் குறை கொடாமையும் கடை வணிகருக்கு மட்டும் உரிய அறமன்று. ஆணை எழுதும் கைக்கும், மலிவு விலை வேண்டிநிற்கும் நமக்கும் உரியதாகும்.