வீட்டுச் சண்டையும் நாட்டுச் சட்டமும்

 

நான் சட்டம் படித்தவனல்லன். மத்ரஸாவில் ஓதியதும், தமிழ்ப் பள்ளியில் ஆறாம் வகுப்புவரை படித்ததுமே என் கல்வி. இருந்தும் இந்தச் சட்டப் பாடத்தை எழுதத் துணிந்ததற்கு ஒரு காரணம் உண்டு. அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

சில ஆண்டுகளுக்கு முன், பால்மரம் வெட்டும் ஒரு பெண் என் கடைக்கு வந்தாள். கன்னம் வீங்கியிருந்தது. தலைவலித் தைலம் ஒன்றைக் கடனாகக் கேட்டாள். 555 நோட்டில் எழுதிக்கொண்டு எடுத்துக் கொடுத்தேன். "காக்கா, இன்னைக்கும் அடிச்சிட்டாரு" என்றாள். நான் என்ன சொன்னேன் தெரியுமா? "பொறுத்துப் போ தாயி, குடும்பம்னா அப்படித்தான் இருக்கும்" என்றேன். புத்திமதி சொல்லிவிட்டதாகவே எனக்கு நினைப்பு. மூன்று மாதம் கழித்து அவள் கை எலும்பு முறிந்து ஆஸ்பத்திரியில் கிடந்தாள். போலீசார் என்னிடம் வந்து, "இதற்கு முன் அவள் காயத்தோடு வந்தது எப்போது?" என்று கேட்டார்கள். 555 நோட்டைப் புரட்டித்தான் தேதியைச் சொன்னேன். அன்று எனக்கு வெட்கமாக இருந்தது. தைலத்துக்குக் கணக்கு வைத்த நான் அவள் சொன்ன சொல்லுக்குக் கணக்கு வைக்கவில்லை. என் அறியாமை இன்னொருவருக்கு வரலாகாது என்றே, அதன்பின் கேட்டும் படித்தும் தெரிந்துகொண்டதை இங்கே எழுதுகிறேன்.

முதற் பாடம்: அடித்தல் குற்றமே

"என் சம்சாரத்தை நான் அடித்தால் பிறருக்கென்ன?" என்று கேட்பவர் இன்னும் நம்மிடையே உண்டு. சட்டம் அப்படிப் பார்ப்பதில்லை. 1860-ல் இந்தியாவில் இயற்றப்பட்ட தண்டனைச் சட்டத்தை மாதிரியாகக் கொண்டு, 1871-ல் பினாங்கு உள்ளிட்ட நீரிணைக் குடியேற்றங்களுக்கு ஒரு தண்டனைச் சட்டம் செய்தார்கள். அந்த வழியில் வந்ததே இன்று மலேசியாவில் உள்ள பீனல் கோடு. நம் முன்னோர் ஊரிலும் இங்கும் ஏறத்தாழ ஒரே எண்களையே அறிந்திருந்தனர். இந்தியாவில் 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டம் வந்து எண்கள் மாறிவிட்டன. இங்கு பழைய எண்களே உள்ளன.

323-ஆம் பிரிவின்படி, வேண்டுமென்றே ஒருவருக்குக் காயம் விளைவித்தால் ஓராண்டுவரை சிறை, அல்லது 2,000 வெள்ளிவரை அபராதம், அல்லது இரண்டும். ரத்தம் வரவேண்டும் என்பதில்லை. உடம்புக்கு வலி உண்டாக்கினாலே அது காயந்தான். எலும்பு முறிந்தால் அது கொடுங்காயம். 325-ஆம் பிரிவின்படி ஏழாண்டுவரை சிறையும் அபராதமும் உண்டு. கத்தி, அரிவாள், கொதிக்கும் பொருள் முதலியவற்றால் செய்தால் தண்டனை இன்னும் கடுமை.

இதிலே கவனிக்க வேண்டியது 326A என்னும் பிரிவு. 2014-ல் செய்த திருத்தத்தால் வந்தது. அடிபட்டவர் அடித்தவரின் மனைவியோ கணவனோ, அன்றி முன்னாள் மனைவியோ கணவனோ ஆயின், சிறைக் காலத்தின் உச்ச வரம்பு இரட்டிப்பாகும். அந்நியனை அறைந்தால் ஓராண்டு. கட்டிய மனைவியை அறைந்தால் ஈராண்டு. வீட்டுக்குள் நடந்தது என்பதால் குற்றம் குறைவதில்லை, கூடுகிறது. நம்பி வந்தவளை அடிப்பது பெரிய மோசம் என்பது நியாயந்தானே?

இரண்டாம் பாடம்: இச்சட்டம் யாருக்கு?

"நாம் முஸ்லிம்கள், நமக்குக் காதி ஆபீஸ் இருக்கிறது, போலீசுக்கு இங்கே வேலையில்லை" என்று சிலர் சொல்லக் கேட்டிருக்கிறேன். இது தவறு.

குடும்ப வன்முறைச் சட்டம் 1994-ல் நிறைவேறியது. பெண்கள் அமைப்புகள் பல ஆண்டுகள் பாடுபட்டதன் பலன் அது. முஸ்லிம்களின் குடும்ப விஷயம் மாநில ஷரீஅத் சட்டத்தில் அடங்கியது, ஆகவே இது முஸ்லிம்களைக் கட்டுமா என்று அப்போது பெரிய விவாதம் எழுந்தது. முடிவில், அதனைக் குடும்பச் சட்டமாக வைக்காமல் பீனல் கோடுடன் சேர்த்துப் படிக்க வேண்டிய குற்றவியல் சட்டமாகச் செய்தனர். குற்றவியல் சட்டம் எல்லா மதத்தாருக்கும் பொது. 1996 ஜூன் 1 முதல் அது நடைமுறையில் இருக்கிறது.

ஷரீஅத் வழியும் அடைபடவில்லை. கெடா மாநிலத்தின் 2008-ஆம் ஆண்டு இஸ்லாமியக் குடும்பச் சட்டத்தின்படி, கொடுமை செய்யும் கணவனிடமிருந்து ஃபஸ்கு பெற மனைவி ஷரீஅத் கோர்ட்டை அணுகலாம். ஆனால் அது மண விலக்குக்கான வழி; அடியைத் தடுக்கும் வழி வேறு. இரண்டையும் ஒரே சமயத்தில் நாடலாம். பெருமானார் (ஸல்) அவர்கள் தம் மனைவியரையோ பணியாளரையோ ஒருபோதும் கைநீட்டி அடித்ததில்லை என்று அன்னை ஆயிஷா (ரலி) அவர்கள் அறிவித்திருப்பதை, ஓதிய நாம் எல்லோரும் அறிவோம். பின் எதைக் காட்டி அடிக்கிறவனுக்கு நாம் பரிந்து பேசுவது?

திருமணம் பதியப்படவில்லையே என்ற கவலையும் வேண்டாம். தோட்டத்தில் கோயிலில் தாலி கட்டிப் பதியாமல் விட்டவர்களும், எல்லை தாண்டித் தாய்லாந்தில் நிக்காஹ் செய்து இங்கே பதியாமல் இருப்பவர்களும் கெடாவில் உண்டு. மதப்படியோ வழக்கப்படியோ சடங்கு நடந்திருந்தால், பதிவு இல்லாவிடினும் இச்சட்டம் பாதுகாப்புத் தரும். மனைவி மட்டுமன்று, கணவன், பிள்ளை, தன்னைத் தானே பார்த்துக்கொள்ள முடியாத பெரியவர், மற்றக் குடும்பத்தார் எல்லோரும் இதில் அடங்குவர். அடிப்பது மட்டுமே வன்முறை என்றும் எண்ண வேண்டாம். அடிப்பேன் என்று அஞ்ச வைப்பது, அறையில் பூட்டி வைப்பது, அவளுடைய பொருளை உடைப்பது, மனத்தை வதைப்பது எல்லாம் இதில் சேரும்.

மூன்றாம் பாடம்: பாதுகாப்பு உத்தரவு

அடிபட்டவர் அஞ்சுவது இதற்குத்தான்: "புகார் செய்துவிட்டு இரவில் எந்த வீட்டுக்குப் போவது?" இதற்காக மூவகை உத்தரவு உண்டு. முதலாவது, அவசரப் பாதுகாப்பு உத்தரவு. சமூக நல அதிகாரியே தருவார். கோர்ட்டுக்குப் போகத் தேவையில்லை. ஏழு நாள் செல்லும். இது 2017-ல் வந்த திருத்தம். இரண்டாவது, போலீஸ் விசாரணை நடக்கும் காலத்துக்கு மாஜிஸ்திரேட் தரும் இடைக்கால உத்தரவு. மூன்றாவது, வழக்கு கோர்ட்டில் இருக்கும்போது பன்னிரண்டு மாதம்வரை செல்லும் உத்தரவு. பின்னிரண்டையும் மீறினால் 2,000 வெள்ளிவரை அபராதம், அல்லது ஆறு மாதம்வரை சிறை, அல்லது இரண்டும். மீறும்போது அடியும் விழுந்தால் 4,000 வெள்ளி, ஓராண்டு என உயரும்.

முன்பெல்லாம் சிறு காயம் என்றால் போலீசார் உடனே கைது செய்ய இயலாதிருந்தது. 2012-ல் நடைமுறைக்கு வந்த திருத்தத்தின்பின், குடும்ப வன்முறையுள்ள குற்றங்களில் வாரண்டு இல்லாமலே கைது செய்யலாம்.

நான்காம் பாடம்: அஜாக்கிரதை

இனி நம் கடைக்கே வருவோம். கை நீட்டாமலே பிறர் உயிருக்கு ஆபத்து விளைவிக்கலாம். ஆபத்து என்று தெரிந்தே துணிவது ஒருவகை. சாதாரண மனிதன் எடுக்கும் எச்சரிக்கைகூட எடுக்காமல் விடுவது மற்றொரு வகை. 336-ஆம் பிரிவின்படி, பிறர் உயிருக்கோ உடலுக்கோ ஆபத்து வரும்படி நடந்தால், ஒருவருக்கும் காயமே படாவிட்டாலும் குற்றம். மூன்று மாதம்வரை சிறை அல்லது 500 வெள்ளிவரை அபராதம் அல்லது இரண்டும். காயம் பட்டால் 337, கொடுங்காயம் பட்டால் 338, உயிர் போனால் 304A. கடைசி இரண்டுக்கும் ஈராண்டுவரை சிறை உண்டு.

நம் பழக்கங்களைச் சற்று எண்ணிப் பாருங்கள். களைக்கொல்லி மருந்தைச் சில்லறையாக ஆரஞ்சுச் சாறு போத்தலில் ஊற்றிக் கொடுப்பவர் இருந்தனர். குடிபானம் என்று எண்ணிப் பிள்ளை எடுத்துக் குடித்தால் என்னாகும்? பாராகுவாட் 2020 ஜனவரி 1 முதல் தடை செய்யப்பட்டுவிட்டது. ஆனால் மற்ற மருந்துகளும் விஷந்தான். விஷத்தில் அஜாக்கிரதைக்கு 284-ஆம் பிரிவும், நெருப்பு, எளிதில் தீப்பற்றும் பொருள் ஆகியவற்றுக்கு 285-ஆம் பிரிவும் தனியே உள்ளன. கேஸ் தோம்புகளை அடுப்பருகில் அடுக்குவோர் இதை நினைவிற் கொள்க.

கடைப் பையன்களை மாடியில் படுக்கவிட்டு, இரும்புக் கதவை வெளியே பூட்டிச் சாவியை எடுத்துச் செல்லும் வழக்கமும் சில இடங்களில் உண்டு. தீப்பிடித்தால் அவர்கள் எவ்வழியே வெளியேறுவர்? அவர்கள் குடும்பத்தார் அல்லராதலால் குடும்ப வன்முறைச் சட்டம் வராது. பீனல் கோடு வரும். பதினெட்டு வயது நிரம்பாதவரைத் துன்புறுத்தினாலோ, கவனியாமல் கைவிட்டாலோ, 2001-ஆம் ஆண்டுச் சிறார் சட்டம் 20 ஆண்டுவரை சிறை, அல்லது 50,000 வெள்ளிவரை அபராதம், அல்லது இரண்டும் விதிக்கிறது. பிள்ளைக்குக் கொடுமை நடப்பதை அறிந்த குடும்பத்தார், சமூக நல அதிகாரிக்குத் தெரிவிப்பது கடமை என்றும் அதில் இருக்கிறது.

ஐந்தாம் பாடம்: கடைக்காரர் செய்யத்தக்கது

தோட்டத்திலும் சிறு பட்டணத்திலும் எல்லார் முகத்தையும் அன்றாடம் பார்க்கிறவர் கடைக்காரர். "நாம் சொல்லப்போய் மானநஷ்ட வழக்கு வந்தால்?" என்ற அச்சமே நம் வாயை அடைக்கிறது. அந்த அச்சம் வேண்டாம். வன்முறை நடந்ததென நம்பக் காரணம் உள்ள எவரும் போலீசுக்கோ சமூக நல அதிகாரிக்கோ தெரிவிக்கலாம். நல்லெண்ணத்தோடு தெரிவித்தவர்மீது அவதூறு வழக்கு செல்லாது என்று குடும்ப வன்முறைச் சட்டத்தின் 18-ஆம் பிரிவே சொல்கிறது.

ஆகவே, அடிபட்டவர் வந்தால் புத்திமதி சொல்லாதீர்கள். என்ன நடந்தது என்று கேளுங்கள். கேட்டதைத் தேதியோடு குறித்து வையுங்கள். கணக்கெழுதும் கை நமக்குத்தான் உண்டே! ஆபத்து உடனடியாக இருந்தால் 999. ஆலோசனைக்கு 15999 என்னும் தாலியான் காசே. காயம் இருந்தால் சுங்கை பட்டாணி, கூலிம், அலோர் ஸ்டார் போன்ற ஊர்களின் அரசாங்க ஆஸ்பத்திரிக்கு அனுப்புங்கள். டாக்டர் எழுதும் அறிக்கை கோர்ட்டில் பெரிய சாட்சி. பஸ் காசு இல்லையென்றால் அதையும் கொடுங்கள். 555 நோட்டில் எழுதாமலே கொடுங்கள்.

அந்தப் பெண் பிள்ளைகளை அழைத்துக்கொண்டு தன் அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டாள். வெகு நாள் கழித்து ஒரு நாள் வந்து, "காக்கா, என் பாக்கி எவ்வளவு?" என்று கேட்டாள். வேண்டாம் என்றேன். அவள் விடவில்லை. பதினான்கு வெள்ளியை எண்ணி வைத்துவிட்டுப் போனாள். அவள் கணக்கு தீர்ந்தது. என் கணக்கில் ஒரு பாக்கி நிற்கிறது. இப்பாடத்தை எழுதியது அதிலே ஒரு சிறு தவணை.