மறுதரப்பையும் கேட்க வேண்டும்

ஆசிரியை இல்லாத வேளையில் பேசுவோரின் பெயர்களைக் கரும்பலகையில் எழுதுவது வகுப்புத் தலைவியாகிய என் கடமை. சென்ற பருவத்தில் ஒரு தோழியின் பெயரை எழுதினேன். அவள் ஒரு பாடவேளை முழுவதும் நின்றாள். பக்கத்திலிருந்தவளுக்கு மூக்கில் இரத்தம் வடிந்ததால் கைக்குட்டை கேட்டுத்தான் பேசினாள் என்பது மாலையில்தான் எனக்குத் தெரிந்தது. "எழுதுமுன் என்னை ஒரு வார்த்தை கேட்டாயா?" என்றாள். வழக்கறிஞரான என் மாமாவிடம் இதைச் சொன்னேன். அரசாங்கத்தைப் பார்த்து இதே கேள்வியைக் கேட்டவர்களின் கதைகளை அவர் சொன்னார்.

தோழியரே, ஒருவருக்குப் பாதகமாக முடிவெடுக்குமுன் அவர் தரப்பைக் கேட்க வேண்டும் என்பது இயற்கை நீதியின் விதி. நீதிமன்றத்தில் அது நடப்பதை யாவரும் அறிவோம். ஆனால் வேலையிலிருந்து நீக்குவதும், லைசென்சை ரத்து செய்வதும், வீட்டை இடிக்கச் சொல்வதும் பெரும்பாலும் அலுவலக மேசைகளில் முடிவாகின்றன. அங்கும் இந்த விதி உண்டா?

இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் ரிச்சர்டு பென்ட்லி என்ற அறிஞரின் பட்டங்களை, அவரை விசாரிக்காமலே பறித்தது. அவற்றைத் திருப்பித் தரும்படி 1723-இல் நீதிமன்றம் ஆணையிட்டது. அப்போது ஒரு நீதிபதி ஏதேன் தோட்டத்தை நினைவூட்டினார். ஆண்டவரே ஆதாமைத் தண்டிக்குமுன் அவனை அழைத்து, விலக்கிய கனியை உண்டாயா என்று கேட்டார், ஏவாளையும் கேட்டார். எல்லாம் அறிந்தவருக்குக் கேட்டுத் தெரிய வேண்டியது என்ன இருக்கிறது? ஆயினும் கேட்டார்! மறைக்கல்வி வகுப்பில் எத்தனையோ முறை படித்த பகுதி; எனக்கு இது தோன்றவே இல்லை.

நம் நாட்டு வழக்குகளில் என் மனத்தை மிகவும் தொட்டது, ஒரிஸாவைச் சேர்ந்த டாக்டர் பினாபாணி தேயியின் வழக்கு. இவர் 1938-இல் அரசு மருத்துவப் பணியில் சேர்ந்தவர். பிறந்த ஆண்டு 1910 என்று பதிவாகியிருந்தது. கால் நூற்றாண்டு பணிபுரிந்த பிறகு, 1963-இல், அவர் பிறந்தது 1907-இல்தான் என்று அரசாங்கம் முடிவு செய்து, ஓய்வு பெறும் வயது கடந்துவிட்டது என்று உத்தரவிட்டது. விளக்கம் கேட்டுக் கடிதம் அனுப்பியது உண்மையே. ஆனால் விசாரணை அதிகாரியின் அறிக்கையை அவருக்குக் காட்டவில்லை. எந்த ஆதாரத்தைக் கொண்டு தம் வயதை மாற்றினார்கள் என்று அறியாதவர் எதை மறுப்பார்? நிர்வாக உத்தரவேயானாலும், அது ஒருவரைப் பாதிக்குமானால் இயற்கை நீதிப்படியே பிறப்பிக்க வேண்டும் என்று 1967-இல் உச்ச நீதிமன்றம் கூறியது. உத்தரவு செல்லாமற் போயிற்று. கேட்டதாகப் பெயர் பண்ணினால் போதாது என்பதை நான் இதிலிருந்துதான் புரிந்துகொண்டேன்.

பத்து ஆண்டுகள் கழித்து, 1977 ஜூலையில், மேனகா காந்தியின் பாஸ்போர்ட்டை ஏழு நாட்களில் ஒப்படைக்கும்படி உத்தரவு வந்தது. காரணம் கேட்டார். பொதுநலனை முன்னிட்டுச் சொல்ல இயலாது என்று பதில் வந்தது. பாஸ்போர்ட் சட்டத்திலோ, முடக்குமுன் உரியவரைக் கேட்க வேண்டும் என்று ஒரு வரியும் இல்லை. சட்டம் மௌனமாக இருப்பதனாலேயே அந்த உரிமை இல்லாமற் போய்விடாது என்று 1978 ஜனவரி 25-ஆம் நாள் வந்த தீர்ப்பு உறுதி செய்தது. முன்கூட்டியே கேட்டால் ஆள் பாஸ்போர்ட்டோடு பறந்துவிடமாட்டாரா என்று நானும் மாமாவிடம் கேட்டேன். நீதிபதிகள் அதையும் எண்ணியிருக்கிறார்கள். அவசரமானால் முதலில் முடக்கிவிட்டு, உடனே அவர் சொல்வதைக் கேட்கலாமாம்.

இந்த ஏற்பாடு எனக்கும் வசதியாக இருக்கிறது. இப்போதெல்லாம் பெயரை எழுதிவிட்டு, மணி அடிக்குமுன் ஒவ்வொருத்தியையும் கேட்கிறேன். "ஹைகோர்ட் கூடிவிட்டது" என்று கேலி செய்கிறார்கள். போன வாரம் மூன்று பெயர்கள். முதல் இருவரும் சொல்லப்போவது பொய் என்று எனக்கு முன்னமே தெரியும், ஆனாலும் கேட்டேன். மூன்றாமவளின் பெயரை அழித்தேன்.