முன்பகுதி சிதைந்தும் மூழ்காத கப்பல்

ஒரு கப்பலின் முன்பகுதியே சிதைந்துபோனால் என்ன ஆகும்? உடனே மூழ்கிவிடும் என்றுதானே சொல்வீர்கள்? அப்படி மூழ்காமல் தப்பிய ஒரு கப்பலைப் பற்றிப் பார்ப்போம்.

அதன் பெயர் சகாகி. ஜப்பானியக் கடற்படைக்காக 1915-இல் கட்டப்பட்ட நாசகாரிக் கப்பல் இது. சகாகி என்பது ஜப்பானிய மரம் ஒன்றின் பெயர். கப்பலின் நீளம் ஏறக்குறைய 84 மீட்டர். அகலமோ 7 மீட்டருக்குச் சற்றே அதிகம். மணிக்கு 30 கடல் மைல், அதாவது சுமார் 55 கிலோமீட்டர் வேகத்தில் செல்லும். இத்தனை வேகம் வேண்டுமானால் எடை குறைய வேண்டும் அல்லவா? ஆகவே பெரிய போர்க்கப்பல்களுக்கு உள்ள கனத்த கவசம் இதற்குக் கிடையாது. வெளித்தகடு மெல்லியது.

முதல் உலகப் போரில் ஜப்பான் பிரிட்டனின் நேச நாடாக இருந்தது. 1917-இல் துருப்புக் கப்பல்களுக்குக் காவலாக ஜப்பானிய நாசகாரிகள் மத்தியதரைக் கடலுக்குச் சென்றன. அவ்வாண்டு மே மாதம், இத்தாலியக் கரையருகே தாக்கப்பட்ட 'டிரான்சில்வேனியா' கப்பலிலிருந்து ஏராளமான வீரர்களைச் சகாகியும் அதன் தோழக் கப்பல் மட்சுவும் காப்பாற்றின.

அடுத்த மாதமே சகாகிக்கு ஆபத்து வந்தது. ஜூன் 11-ஆம் தேதி, கிரீட் தீவை அடுத்த கடலில், ஆஸ்திரிய-ஹங்கேரிய நீர்மூழ்கிக் கப்பல் ஏவிய டார்பிடோ அதன் முன்பகுதியில் வெடித்தது. கப்பல் தலைவர் உட்பட 59 பேர் மாண்டனர். ஆயினும் கப்பல் மூழ்கவில்லை! அதைக் கரைக்கு இழுத்துச் சென்றார்கள். பழுதுபார்த்தபின் அது மீண்டும் கடலில் ஓடியது.

காரணம் என்ன? கப்பலின் உட்புறம் ஒரே கூடமாக இருப்பதில்லை. குறுக்கே உருக்குச் சுவர்கள் எழுப்பி, நீர் புகாத பல அறைகளாகப் பிரித்திருப்பார்கள். முன் அறைகளில் நீர் நிறைந்தாலும் பின் அறைகளில் காற்றே இருக்கும். அவை இடம்பெயர்க்கும் நீரின் எடை கப்பலின் எடைக்கு ஈடாகும்வரை கப்பல் மிதக்கும். ஆர்க்கிமிடீஸ் தத்துவம்தான் இது. ஆனால், மேலும் பல அறைகளில் நீர் புகுந்துவிட்டால் சுவர்களாலும் காப்பாற்ற இயலாது.

நீங்களே செய்து பாருங்கள். ஆழமான, நீளமான பிஸ்கட் தகர டப்பா ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு முனையின் அருகே, அடிப்புறத்தில் ஆணியால் துளையிட்டுத் தரச் சொல்லிப் பெரியவர்களைக் கேளுங்கள். தொட்டி நீரில் மிதக்க விட்டால் டப்பா மெல்ல மூழ்கிவிடும். பிறகு அதைத் துடைத்து, துளைக்குச் சற்று உட்புறமாக ஒரு தகரத் துண்டைக் குறுக்கே நிறுத்தி, ஓரங்களைக் களிமண்ணால் அடையுங்கள். மீண்டும் மிதக்க விடுங்கள். டப்பா ஒரு பக்கம் சாயும், ஆனால் மூழ்காது.

மாண்ட மாலுமிகளுக்கு மால்டா தீவில் நினைவுத்தூண் எழுப்பியுள்ளார்கள். எஞ்சியவர்கள் உயிருடன் கரை சேர்ந்ததற்கு, கப்பலுக்குள் இருந்த அந்த உருக்குச் சுவர்களும் ஒரு காரணம்.